தட்டில் ஒலி, சுருளில் உருவம்

அவையோர் அனைவருக்கும் வணக்கம். 1926 ஆகஸ்ட் 6 அன்று நியூயார்க்கில் வார்னர் சகோதரர்கள் நிறுவனம் வைட்டாஃபோன் என்னும் ஒலிப்பட முறையை மக்கள் முன் அரங்கேற்றியது. அன்றைய முழுநீளப் படத்தில் இசை இருந்தது, நடிகர்கள் பேசவில்லை. அதற்கு முன் ஓடிய குறும்படங்களில்தான் அதிசயம் இருந்தது. மேதைகளின் வயலினும் ஆப்பராப் பாட்டும் ஒலித்த அதே திரையில், ராய் ஸ்மெக் என்ற இளைஞர் ஹவாய் கிதார், யுகுலேலி, பாஞ்சோ, மவுத் ஆர்கன் என்று ஒன்றன்பின் ஒன்றாக வாசித்துக் காட்டினார்.

அடுத்த சில ஆண்டுகளில் நடன இசைக்குழுக்களும் வித்தை காட்டுவோரும் இப்படி ஏராளமான ஒற்றைச் சுருள் படங்களில் பதிவானார்கள். முழுநீளப் படங்களைவிட இவற்றையே நான் பெருஞ்செல்வமாக மதிக்கிறேன். ஏனெனில், கிராமஃபோன் தட்டு பாட்டைக் காப்பாற்றும். முரசுக்காரர் குச்சியைச் சுழற்றி எறிந்து பிடிக்கும் லாகவத்தை அது காப்பாற்றாது.

ஆனால் இம்முறையில் ஒலி படச்சுருளில் இல்லை. 16 அங்குல அகலமுள்ள தனித் தட்டில் இருந்தது. நிமிடத்துக்கு 33⅓ முறை சுழன்ற அத்தட்டில், முள் நடுவிலிருந்து தொடங்கி விளிம்பை நோக்கி நகரும். படம் காட்டும் கருவியை இயக்குபவர் தட்டில் அம்புக்குறி உள்ள இடத்தில் முள்ளையும், கருவியில் ஒளி பாயும் வாயிலில் சுருளின் தொடக்கச் சட்டத்தையும் (சட்டம் என்பது சுருளில் உள்ள ஒரு தனிப்படம்) வைத்து இரண்டையும் ஒன்றாக ஓட்ட வேண்டும். ஓட்டிய ஒவ்வொரு முறையும் தட்டின் நடுச்சீட்டில் அச்சிட்டிருந்த சிறு கட்டங்களில் ஒன்றைக் குறிப்பார். கட்டங்கள் நிறைந்ததும் தேய்ந்த தட்டை ஒதுக்கிவிடுவார். சுருள் அறுந்தால், இழந்த சட்டங்களுக்கு ஈடாக அத்தனை கறுப்புச் சட்டங்களை ஒட்ட வேண்டும். தவறினால் பாடகரின் வாய் ஓரிடத்திலும் குரல் வேறிடத்திலுமாக ஓடும்.

சுருளிலேயே ஒலியைப் பதிக்கும் முறை வந்ததும் தட்டுகள் தேவையற்றவை ஆயின. சுருள் ஊமையாக ஒரு காப்பகத்தில் கிடக்க, அதன் தட்டு எங்கோ ஒருவர் வீட்டுப் பரணில் கிடந்தது. 1991இல் அமெரிக்க இசைத்தட்டுச் சேகரிப்பாளர்கள் சிலர் வைட்டாஃபோன் திட்டம் என்ற பெயரில் ஒன்றுகூடி, பிரிந்த இணைகளைத் தேடிச் சேர்க்கத் தொடங்கினார்கள். அமெரிக்கப் பாடகர் ஆல் ஜால்சன் 1926இல் பாடிய ஒரு குறும்படத்தின் ஊமைச் சுருள் அகப்பட்டபோது, கிடைத்த தட்டோ உடைந்து ஒட்டப்பட்டிருந்தது. அந்தத் தட்டிலிருந்தே அவர் குரலை மீட்டு, அசையும் உதடுகளோடு மறுபடியும் சேர்த்தார்கள்.