துச்சாதனன் கேட்ட வெந்நீர்

வணக்கம். நான் நகரிக்காரன். திருத்தணியைத் தாண்டினால் வருகிற ஆந்திர எல்லை ஊர். வீட்டில் தமிழ், கடைப் பலகையில் தெலுங்கு, தெருவெல்லாம் விசைத்தறிச் சத்தம். பள்ளிக்கூடத்தில் வணிகவியல் வாத்தியாராக இருந்தவன், டி.வி. மல்யுத்தத்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். சிரிக்காதீர்கள். பையன்களிடம் நான் பிடுங்கி வைத்த, மல்லர் படம் போட்ட டிரம்ப் கார்டுகளே ஒரு மேசை டிராயர் நிறைய இருந்தன. உங்கள் வீட்டிலும் இருந்திருக்கும்: உயரம், எடை, ரேங்க். அண்டர்டேக்கர் கார்டு எவன் கையிலோ, அன்றைக்கு அவன்தான் ராஜா.

பெரியவர்கள் கேட்பது ஒன்றுதான். "யார் ஜெயிப்பான்னு முன்னாடியே பேசி வெச்ச சண்டை. இதுக்குப் போய் எவனாவது காசு கொடுப்பானா?"

கொடுப்பான். அதுவும் எங்கள் பக்கத்துக்காரர்கள் கேட்கவே கூடாத கேள்வி அது. திரௌபதி அம்மன் திருவிழாவில், துரியோதனனை வீழ்த்துகிற படுகளத்தன்று பீமன் தோற்றதாக எந்த ஊரிலாவது உண்டா?

நான் சிறுவனாக இருந்தபோது நடந்ததைச் சொல்கிறேன். துகிலுரிதல் கூத்து முடிந்த காலை. துச்சாதன வேஷம் கட்டியவர் அரிதாரம் கலைக்க வெந்நீர் கேட்டு எங்கள் வாசலுக்கு வந்தார். பாட்டி வெந்நீர் கொடுத்தாள், ஆனால் முகம் கொடுக்கவில்லை. "ஒரு பொம்பள சேலையிலயாடா கை வெப்ப?" என்றாள். நியாயமாக அவர் என்ன சொல்லியிருக்க வேண்டும்? "அது வேஷம்மா" என்று. சொல்லவில்லை. பாதி மை கலைந்த முகத்தோடு, "தப்புதாம்மா. இன்னும் நாலஞ்சு ராத்திரி பொறுங்க, பீமன் கையால வாங்கப் போறேன். வந்து பாருங்க" என்றார். அதுவரை கூத்துப் பக்கமே போகாத பாட்டி, அன்று முதல் பாயோடு போய் முன்வரிசையில் உட்கார்ந்தாள்.

அவ்வளவுதான் அந்த வியாபாரம். டி.வி. மல்யுத்தம் நடத்துகிற அமெரிக்கக் கம்பெனியான டபிள்யூ.டபிள்யூ.இ.யில் ஒருத்தன் மைக்கைப் பிடித்துக்கொண்டு பத்து நிமிஷம் திட்டுகிறானே, அவன் செய்வதும் இதைத்தான். விற்கிற சரக்கு இன்றைய சண்டை இல்லை, அடுத்த வாரம். மறுபடி சொல்கிறேன், அடுத்த வாரம்தான் சரக்கு.

முடிவு பேசி வைத்தது என்பதை இப்போது மறைப்பதும் இல்லை. 1989இல் அந்தக் கம்பெனியே அமெரிக்காவின் நியூ ஜெர்சி மாநிலத்தில், இது போட்டியில்லை, கேளிக்கைதான் என்று ஒப்புக்கொண்டது. போட்டி என்றால் விளையாட்டு ஆணையத்தின் கட்டுப்பாட்டில் வரும். கேளிக்கை என்றால் அந்தத் தொல்லை இல்லை. கணக்குப் பார்த்துச் சொன்ன உண்மை.

சரி, காசு எங்கிருந்து வருகிறது? ஒரு காலத்தில் டி.வி. என்பது வெறும் தண்டோரா. டி.வி.யில் காட்டி ஆளைச் சேர்ப்பது, அரங்கத்தில் டிக்கெட் விற்பது. அப்புறம் பெரிய சண்டைகளை வீட்டிலிருந்தே காசு கட்டிப் பார்க்க வைத்தார்கள். இன்று தண்டோராவுக்குத்தான் விலை. கூத்துக்கு நாம் டிக்கெட்டா வாங்குகிறோம்? ஒவ்வொரு ராத்திரிக்கும் ஒரு உபயதாரர். அங்கே உபயதாரர் டி.வி.க்காரர். அவர்களுடைய வாராந்திர 'ரா' நிகழ்ச்சி 1993இல் தொடங்கியது, 2025 ஜனவரியில் நெட்ஃப்ளிக்ஸுக்குப் போனது. பத்து வருஷத்துக்கு 500 கோடி டாலருக்கு மேல். நம் பணத்தில் நாற்பதாயிரம் கோடி ரூபாயைத் தாண்டும்! ஏன் இவ்வளவு? கிரிக்கெட்டுக்கு மழை உண்டு, சீசன் உண்டு. இதற்கு இரண்டுமே கிடையாது. வருஷத்தில் ஐம்பத்திரண்டு வாரமும் படுகளம். கூத்தின் நடுவே உபயதாரர் பெயரைக் கட்டியங்காரன் சொல்வான் பாருங்கள், அந்த வேலையை அங்கே வர்ணனையாளர் செய்கிறார். எங்கள் தெருவில் ஒருவருக்கும் அந்த இங்கிலீஷ் புரியாது. குரல் ஏறினால் போதும், எல்லோரும் எழுந்து நிற்போம்.

ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம், நேரமாச்சு என்று கை காட்டுகிறார்கள். விழுந்து எழுகிறவர்களின் கூலியைப் பற்றித்தான் நிறையக் குறித்து வைத்திருந்தேன். சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அங்கே மல்லர்களை ஊழியர்கள் என்று வைத்துக்கொள்வதில்லை. தனி ஒப்பந்தக்காரர்கள் என்றுதான் கணக்கு. முடிவு பொய், ஆனால் விழுகிற பலகை பொய்யில்லை, முதுகும் பொய்யில்லை. எங்கள் துச்சாதனனுக்கும் ராத்திரிக் கணக்கில்தான் கூலி. ஆடாத மாதங்களில் தறியில் நின்றார். நேரம் ஆகிவிட்டதாம். வணக்கம்.