கட்டிக் கெட்டவர்கள்

(பட்டிமன்றத் தலைப்பு: இரு உலகப் போர்களுக்கு இடையே அமெரிக்கக் குடும்பத்தைத் தவணைமுறை உயர்த்தியதா, கவிழ்த்ததா? ‘கவிழ்த்தது’ என்ற அணியின் இரண்டாம் பேச்சு.)

நடுவர் அவர்களே, வாங்கிய கைதட்டலின் சூடு இன்னும் ஆறாமல் உட்கார்ந்திருக்கும் எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

எனக்கு முன்னால் பேசிய அம்மா வெகு அழகாகப் பேசினார்கள். கையால் துணி துவைத்துக் கை காய்த்துப்போனவள் வீட்டுக்கு மின்சாரத் துவைப்பு இயந்திரம் வந்தது, ஐஸ் வண்டிக்காரனுக்குக் காத்திருந்த வீட்டில் ஜெனரல் எலெக்ட்ரிக் குளிர்பெட்டி வந்தது, மாலையானால் ரேடியோ பாடியது, வாசலில் கார் நின்றது, எல்லாம் தவணை தந்த வரம் என்றார்கள். நான் எதையும் மறுக்கப் போவதில்லை. 1920களின் பிற்பகுதியில் விற்ற புதுக் கார்களில் பாதிக்கு மேல் தவணையில் போனவைதான். வந்தது உண்மை. என்ன நிபந்தனையில் வந்தது என்பதுதான் என் வழக்கு.

எங்கள் அணித் தலைவர் மீதும் எனக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. விரலுக்குத் தகுந்த வீக்கம் இல்லை, அதனால் அமெரிக்கன் கெட்டான் என்று சுருக்கமாகச் சொல்லி முடித்துவிட்டார். அய்யா, அது அந்த மக்களுக்குச் செய்கிற அநியாயம். அவர்கள் ஊதாரிகளாக இருந்து கெடவில்லை. வாங்கிய கடனை ஒழுங்காகக் கட்டித்தான் கெட்டார்கள்.

முதலில் ஹென்றி ஃபோர்டு. அவருக்குக் கடன் என்றாலே ஆகாது. 1923இல் ஒரு திட்டம் போட்டார்: வாரம் 5 டாலர் கட்டிக்கொண்டே வா, முழு விலையும் சேர்ந்ததும் வண்டியை ஓட்டிக்கொண்டு போ. அப்படியே நம்ம ஊர் நகைச்சீட்டு! யாருக்குப் பொறுமை இருந்தது? போட்டிக் கார் கம்பெனியான ஜெனரல் மோட்டார்ஸ் 1919இலேயே சொந்தமாக ஒரு கடன் நிறுவனம் தொடங்கி, இன்றைக்கே ஓட்டிக்கொண்டு போ, பணத்தை மெல்லக் கட்டு என்று சொல்லிக்கொண்டிருந்தது. 1925இல் மாடல் டி காரின் விலை 260 டாலருக்கு இறங்கியும் ஃபோர்டால் தாக்குப்பிடிக்க முடியவில்லை. 1927இல் மாடல் டி நின்றுபோனது. 1928இல் அவரும் ஒரு கடன் நிறுவனத்தைத் திறந்துவிட்டார். கடனை வெறுத்த கோடீஸ்வரனுக்கே இந்தக் கதி என்றால் சாதாரணக் குடும்பஸ்தன் எம்மாத்திரம்!

எதிரணித் தலைவர் கொலம்பியா பல்கலைக்கழகப் பொருளாதாரப் பேராசிரியர் செலிக்மனைச் சாட்சிக்கு இழுத்தார். தவணைமுறை நல்லது என்று 1927இல் இரண்டு பாகம் எழுதியவர். சரி. அந்த ஆய்வுக்குப் பணம் கொடுத்தது யார் என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்கலாமே? ஜெனரல் மோட்டார்ஸ், அய்யா! ஏற்பாடு செய்தவர் அதே கம்பெனியின் நிதித்துறையை ஆண்ட ஜான் ராஸ்கோப். பேராசிரியர் நேர்மையானவராகவே இருந்திருக்கலாம். ஆனால் சாட்சிக்குப் படி கொடுத்தவர் யார் என்று எந்தக் கோர்ட்டும் கேட்கும். அதே ராஸ்கோப் 1929 ஆகஸ்டில் ஒரு பெண்கள் பத்திரிகையில், மாதம் 15 டாலர் பங்குகளில் போட்டு வந்தால் 20 வருடத்தில் 80,000 டாலர் சேரும், எல்லோரும் பணக்காரர் ஆகலாம் என்று யோசனை சொன்னார். அக்டோபரில் பங்குச் சந்தை விழுந்தது.

இனி அந்த ஒப்பந்தத்துக்கு வருகிறேன். 600 டாலர் கார் என்று வையுங்கள். வழக்கப்படி மூன்றில் ஒரு பங்கு, 200 டாலர், முன்பணம். மீதியை வட்டியோடு சேர்த்து மாதம் 36 டாலராக 12 மாதம் கட்ட வேண்டும். அன்று ஆலைத் தொழிலாளியின் வாரக்கூலி சராசரியாக 25 டாலர் அளவில் இருந்தது. அப்படியானால் மாத வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கு காருக்கே போகிறது. போகட்டும், கட்டிவிடுவான். ஒன்பது மாதம் கட்டிவிட்டான். ஆக 524 டாலர் கொடுத்தாயிற்று. பத்தாம் மாதம் வேலை போகிறது. கடன் கம்பெனி வண்டியை இழுத்துக்கொண்டு போகும். கட்டிய 524 டாலர்? பெரும்பாலும் ஒரு சென்ட்கூடத் திரும்பாது! கட்டி முடிக்கும் வரை சாமான் கம்பெனிக்குச் சொந்தம், கட்டிய பணமும் கம்பெனிக்குச் சொந்தம். கிட்டத்தட்ட முழுவதும் கட்டியவனுக்குத்தான் நஷ்டம் அதிகம். இதைத்தான் வரம் என்கிறார் அம்மா.

இப்போது 1930க்கு வாருங்கள். பக்கத்து வீட்டுக்காரனுக்கு வேலை போய்விட்டது. நமக்கு இன்னும் போகவில்லை, நாளைக்குப் போகலாம். வீட்டில் பாதி கட்டிய கார், பாதி கட்டிய ரேடியோ, பாதி கட்டிய சோபா. குடும்பம் எங்கே கை வைக்கும்? தவணையில் கை வைத்தால் எல்லாம் போச்சு. அதனால் பிள்ளைக்குச் செருப்பு அடுத்த வருடம், கோட்டுக்கு ஒட்டுப்போட்டுக்கொள்ளலாம், கறி ஞாயிற்றுக்கிழமை மட்டும். புதிதாக எதுவும் வாங்குவதில்லை. தவணை மட்டும் தேதி தவறாமல் போகிறது. மார்த்தா ஓல்னி என்ற பொருளாதார வரலாற்று ஆய்வாளர் இந்த இடத்தைத்தான் தோண்டி எடுத்தார்: 1930இல் மக்கள் தவணையை விடவில்லை, செலவை வெட்டினார்கள். லட்சக்கணக்கான வீடுகளில் ஒரே நேரத்தில் இப்படி வெட்டினால் கடையில் சரக்கு தேங்கும். சரக்கு தேங்கினால் ஆலை ஆளைக் குறைக்கும். குறைக்கப்பட்டவன் இன்னொரு தவணைக்காரன். 1929இல் அமெரிக்க ஆலைகள் சுமார் 53 லட்சம் கார், லாரிகள் செய்தன. 1932இல் சுமார் 13 லட்சம்.

கவிழ்த்தது பங்குச் சந்தை, தவணை அல்ல என்று எதிரணியில் அடுத்து ஒருவர் எழுந்திருப்பார், தெரியும். பெரும்பாலான குடும்பங்களிடம் பங்குப் பத்திரமே கிடையாது, நண்பரே. அவர்கள் வீட்டில் இருந்தது தவணைச் சீட்டு. வங்கிகள் மூடின, கோதுமை விலை படுத்தது, அதெல்லாம் நானும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அடுப்படிக்குள் நேராக நுழைந்த கை எது?

வில் ராஜர்ஸ் என்ற நகைச்சுவைப் பேச்சாளர் அப்போது கிண்டலடித்தார்: ஏழைகள் காப்பகத்துக்குக் காரில் ஏறிப் போகிற முதல் தேசம் நாம்தான் என்று. சிரிக்கலாம். ஏன் காரை மட்டும் விடவில்லை என்பதற்கு இப்போது காரணம் தெரிந்துகொண்டு சிரியுங்கள்.

வீட்டுக்கடன் இன்னும் மோசம். மூன்று முதல் ஐந்து வருடம் பெரும்பாலும் வட்டி மட்டும் கட்டி வருவார்கள். அசலை முடிவில் மொத்தமாகக் கொடுக்க வேண்டும், இல்லையென்றால் புதுக் கடன் எழுத வேண்டும். 1932இல் எந்த வங்கி புதுக் கடன் எழுதும்? 1933இல் நாளொன்றுக்குச் சுமார் 1,000 வீடுகள் பறிபோயின. கிராமங்களில் பண்ணைகள் ஏலத்துக்கு வந்தபோது அண்டை அயலார் கூட்டமாக வந்து நின்று, சில சென்ட்டுக்கு மேல் யாரையும் கேட்கவிடாமல் செய்து, வாங்கியதை உரியவனிடமே திருப்பிக் கொடுத்தார்கள். 1933 ஏப்ரலில் அயோவா மாநிலம் லே மார்ஸ் ஊரில், ஜப்தி உத்தரவில் கையெழுத்துப் போடமாட்டேன் என்று வாக்குக் கொடுக்க மறுத்த நீதிபதியை நீதிமன்றத்திலிருந்து இழுத்துப்போய்க் கழுத்தில் கயிறு மாட்டினார்கள். உயிரோடு விட்டுவிட்டார்கள். நான் நியாயப்படுத்தவில்லை. கடனைக் கட்டுவதே மானம் என்றிருந்த விவசாயியை அந்த இடம் வரைக்கும் தள்ளியது எது என்றுதான் கேட்கிறேன்.

“அரசாங்கம் காப்பாற்றியதும் தவணையால்தானே?” என்று அம்மா குறுக்கிட்டார்கள். நல்ல கேள்வி. 1933இல் வந்த வீட்டு உரிமையாளர் கடன் கழகம் சுமார் 10 லட்சம் வீட்டுக்கடன்களை 5 சதவீத வட்டியில் 15 வருடத் தவணைக்கு மாற்றியது. உண்மை. அதிலும் ஏறக்குறைய 2 லட்சம் வீடுகள் பிறகு கைவிட்டுப் போனதையும் சேர்த்துச் சொல்லுங்கள். இன்னொன்றும் இருக்கிறது. 1938இல் மறுபடி சரிவு வந்தபோது, கார்த் தவணையின் முன்பணம் குறைந்திருந்தது, கெடு நீண்டிருந்தது. விட்டுவிட்டால் பெரிய நஷ்டமில்லை. அப்போது மக்கள் தவணையை விட்டார்கள், செலவை 1930 போல வெட்டவில்லை. அதே மக்கள், அதே கார். மாறியது நிபந்தனை ஒன்றுதான்.

நடுவர் மணியைப் பார்க்கிறார். அடுத்து வரும் எதிரணி நண்பருக்கு ஒரே கேள்வி: அந்த 524 டாலர் யார் வீட்டை உயர்த்தியது? பதிலை வைத்துக்கொண்டு மேடைக்கு வாருங்கள். வணக்கம்.