கேமரா இல்லாத படம்: சந்தேகங்களுக்கு விளக்கம்

சென்ற உரையைக் கேட்ட நேயர் ஒருவரின் கேள்வி மூன்று நாட்களாக என்னை விடவில்லை. "படச்சுருளின் மீது நேரடியாக வரைந்தும் கீறியும் செய்வதை ஓவியம் என்று சொல்லிவிட்டுப் போகலாமே, கேமராவே இல்லாததைத் திரைப்படம் என்று ஏன் சொல்கிறீர்கள்?" என்று கேட்டிருக்கிறார்.

வழக்கமாகச் சொல்வதையே மறுபடியும் சொல்கிறேன், பழைய நேயர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்: சுருளில் வரிசையாக இருக்கும் ஒவ்வொரு தனிப் படத்துக்கான இடத்தையும் கட்டம் என்கிறேன்; சுருளைக் கட்டம் கட்டமாகப் பார்க்காதீர்கள், நீளமாகப் பாருங்கள். 16 மி.மீ. சுருளில் ஓர் அடிக்கு 40 கட்டங்கள் உள்ளன. வினாடிக்கு 24 கட்டங்கள் ஓடுவதால், ஒரு வினாடியின் நீளம் ஏறத்தாழ 18 சென்டிமீட்டர். இங்கே காலத்தை முழம் போட்டே அளக்கலாம்.

இதை நான் பட்டுத்தான் தெரிந்துகொண்டேன். முதன்முதலாக வெற்றுச் சுருள் ஒன்று கையில் கிடைத்தபோது, உருப்பெருக்கிக் கண்ணாடியை வைத்துக்கொண்டு, ஒரே கட்டத்துக்குள் ஒரு மணி நேரம் செலவிட்டு ஒரு பூவை வரைந்தேன். புரொஜெக்டரில் ஓட்டியபோது ஏதோ மின்னி மறைந்தது. பக்கத்தில் இருந்தவரைக் கேட்டால், பூவா, எங்கே என்றார். ஆனால் பேனாவில் மை வருகிறதா என்று சோதிக்க, அதே சுருளில் நான் நெடுக இழுத்திருந்த கோடு திரையில் உயிருள்ளது போலத் துடித்தது. சுமார் 10 மி.மீ. அகலமுள்ள கட்டம் 2 மீட்டர் திரையில் 200 மடங்கு பெருகுகிறது அல்லவா, கை பத்தில் ஒரு மில்லிமீட்டர் பிசகினால் கோடு அங்கே 2 சென்டிமீட்டர் விலகும். அந்தத் துடிப்பை நான் வரையவில்லை. சுருள் ஓடியதால் அது பிறந்தது. ஓட்டினால் மட்டுமே பிறக்கும் ஒன்றை ஓவியம் என்று எப்படிச் சொல்வது?

இப்படிக் கேமரா இல்லாமல் படம் செய்த கலைஞர்களில் ஒருவரான லென் லை 1935-இல் 'எ கலர் பாக்ஸ்' படத்தைச் சுருளின் மீதே வண்ணம் தீட்டிச் செய்தார். நார்மன் மெக்லாரன் ஒரு படி மேலே போய் ஒலியையும் கையால் வரைந்தார். சுருளின் ஓரத்தில் ஒலித்தடம் செல்லும் பட்டை உண்டு, அதிலுள்ள கோடுகளைப் புரொஜெக்டர் ஒலியாக மாற்றும். அந்தப் பட்டையில் கட்டத்துக்கு 10 கோடுகள் வீதம் சீராக வரைந்தால், வினாடிக்கு 240 அதிர்வுகள் கொண்ட ஸ்வரம் கேட்கும். கோடுகளை நெருக்கினால் சுருதி ஏறும். அங்கும் நீளம்தான் கணக்கு.

உண்மையில் அந்த நேயர் வேறொன்றைக் கேட்டிருக்கக் கூடாதா என்று எனக்கு ஓர் ஆசை. ஸ்டான் பிராக்கேஜ் 1963-இல் 'மாத்லைட்' படத்துக்காக, செத்த விட்டில்களின் சிறகுகளையும் புல்லையும் இதழ்களையும் இரண்டு ஒளிபுகும் ஒட்டு நாடாக்களுக்கு இடையே வைத்து அழுத்தினார். கட்டத்தின் எல்லை எங்கே முடிகிறது என்பதை அந்தப் புல் பொருட்படுத்தவில்லை. பல கட்டங்களைத் தாண்டி அது பாட்டுக்குக் கிடக்கிறது. ஆயினும் அப்படிப்பட்ட நாடாவை மீண்டும் மீண்டும் புரொஜெக்டரில் ஓட்ட முடியாது என்பதால், அதிலிருந்து ஆய்வகத்தில் எடுத்த பிரதியையே நாம் பார்க்கிறோம். அசலை விரலால் தடவினால் சிறகின் மேடு தட்டுப்படும், பிரதியைத் தடவினால் வழவழப்புதான். அசலைத் திரையிட முடியாது, திரையிடுவதில் சிறகு இல்லை. இந்த இரண்டில் எது படம் என்று அவர் கேட்டிருந்தால், நான் இவ்வளவு தெளிவாகப் பேசியிருக்க மாட்டேன்.