வாயே திறக்காதவரிடம் ஒரு படம் முழுக்கப் பேசியவர்

வணக்கம் நண்பர்களே. மின்விசிறியை நிறுத்திவிட்டுத்தான் உட்கார்ந்திருக்கிறேன். அது ஓடினால் மைக்கில் சத்தம் விழுகிறது என்று போன தடவை நிறையத் திட்டு வாங்கினேன். வியர்த்து வழிந்தால் கண்டுகொள்ளாதீர்கள்.

இந்த வேலையில் ஒரு விசித்திரம் உண்டு. நான் பேசுகிறேன், எதிரே ஒரு லென்ஸ் இருக்கிறது. அது தலையாட்டாது, 'ம்' கொட்டாது, முகம் சுளிக்காது. ஆரம்பத்தில் அந்த மௌனமே நாக்கைக் கட்டிப்போட்டது. நாள் போகப்போக அப்படியே தலைகீழாகிவிட்டது. குறுக்கே பேச யாரும் இல்லாததாலேயே, வீட்டில் ஒருவரிடமும் சொல்லாததை எல்லாம் இங்கே உளறிவிடுகிறேன். எடிட் செய்ய உட்காரும்போதுதான் 'ஐயோ, இதையா சொன்னோம்' என்று பதறி வெட்டுகிறேன்.

இந்த நிலைமையை ஒரு நடிகை 1966இலேயே நடித்துக் காட்டிவிட்டார். ஸ்வீடன்காரர், பெயர் பிபி ஆண்டர்சன். படம் 'பெர்சோனா', இயக்கியவர் இங்மார் பெர்க்மன். உலக சினிமா பார்ப்பவர்களுக்கு அந்தப் படத்தின் ஒரு பிம்பமாவது தெரிந்திருக்கும். இரண்டு பெண்களின் முகங்களைப் பாதிப் பாதியாக ஒட்டி ஒரே முகமாக்கியிருப்பார்களே, அதுதான். எல்லோரும் அந்த முகத்தைப் பற்றித்தான் பேசுகிறார்கள். எனக்கு அதில் கொஞ்சம் வருத்தம். அந்தப் படத்தைத் தூக்கி நிறுத்துவது முகம் இல்லை, பிபியின் குரல் என்பது என் கட்சி.

கதை சின்னதுதான். எலிசபெத் என்று ஒரு மேடை நடிகை. 'எலெக்ட்ரா' நாடகத்தில் நடித்துக்கொண்டிருந்தவர் நடுவிலேயே மௌனமாகிறார். அதற்கப்புறம் பேசுவதையே விட்டுவிடுகிறார். உடம்பில் கோளாறு எதுவும் இல்லை. அவரைக் கவனித்துக்கொள்ள வரும் இளம் நர்ஸ்தான் ஆல்மா, அதாவது நம் பிபி. டாக்டர் தன் கடற்கரை வீட்டைக் கொடுத்து இருவரையும் அங்கே அனுப்பி வைக்கிறார். எலிசபெத்தாக நடித்த லிவ் உல்மன் படம் முழுவதிலும் பேசுவது மிகச் சில சொற்கள்தான். மிச்சம் எல்லாம் பிபி. நினைத்துப் பாருங்கள், எதிரே இருப்பவர் பதிலே சொல்ல மாட்டார். உரையாடலில் ஒரு நடிகருக்குக் கிடைக்கும் பிடிமானம், எதிராளி வீசும் வசனம், அது இங்கே கிடையாது.

அதில் ஒரு இரவுக் காட்சி. ஆல்மா ஒரு சாய்வு நாற்காலியில், எலிசபெத் கட்டிலில். ஆல்மா, எப்போதோ ஒரு கடற்கரையில் தனக்கும் தன் தோழிக்கும் நடந்த ஒன்றைச் சொல்லத் தொடங்குகிறாள். அந்நிய இளைஞர்கள், உடல் சார்ந்த விஷயம், அதற்கப்புறம் ஒரு கருக்கலைப்பு. வேறு இயக்குநராக இருந்தால் உடனே ஃபிளாஷ்பேக் போட்டுக் கடற்கரையைக் காட்டியிருப்பார். பெர்க்மன் காட்டவில்லை. சொல்லும் முகம், கேட்கும் முகம், அவ்வளவுதான். ஆனால் சில மாதம் கழித்து யோசித்தபோது, அந்த மணலையும் வெயிலையும் நான் திரையில் பார்த்த மாதிரியே ஞாபகம் இருந்தது. திரும்பப் போட்டுப் பார்த்தேன். அப்படி ஒரு ஷாட்டே இல்லை!

இந்தக் காட்சியைப் படமாக்குவதற்கு முன்னால் ஒரு சச்சரவு. இதை வெட்டிவிடலாம் என்று பெர்க்மனிடம் படக்குழுவிலேயே சொன்னார்கள். வேண்டாம், எடுக்கலாம் என்று நின்றவர் பிபிதான். ஆனால் ஒரு நிபந்தனை போட்டார். வசனத்தில் சில வார்த்தைகளை ஒரு பெண் சொல்லவே மாட்டாள், ஆண் எழுதியது பளிச்சென்று தெரிகிறது, அவற்றை நான் மாற்றுவேன் என்றார். பெர்க்மன் சரி என்றார். அன்றைக்கு உலகமே கொண்டாடிக்கொண்டிருந்த இயக்குநரிடம் 'இதை நீங்கள் ஆணாக எழுதியிருக்கிறீர்கள்' என்று சொல்வதற்கு ஒரு துணிச்சல் வேண்டும். அப்புறம் இன்னொன்று. படமாக்கியபோது பதிவான ஒலியில் திருப்தி இல்லாமல், வசனத்தை மறுபடியும் தனியாகப் பதிவு செய்தார்கள். நாம் இன்று கேட்கும் அந்தத் தாழ்ந்த, கிசுகிசுக்கிற குரல் அப்படி வந்ததுதான்.

சரி, யார் இந்தப் பிபி? 1935 நவம்பர் 11, ஸ்டாக்ஹோமில் பிறந்தார். இயற்பெயர் பெரிட் எலிசபெத். அக்கா கெர்ட் ஆண்டர்சன் பாலே நடனக்காரர். பிபிக்குப் பதினைந்து வயசு இருக்கும்போது கேமரா முன்னால் நின்றது எதற்குத் தெரியுமா? சோப்பு விளம்பரத்துக்கு.

1951இல் ஸ்வீடனில் கேளிக்கை வரியை எதிர்த்துப் பட நிறுவனங்கள் தயாரிப்பையே நிறுத்தி வைத்திருந்தன. பெர்க்மன் கையில் வேலை இல்லை, ஆனால் காப்பாற்றுவதற்குக் குடும்பங்கள் இருந்தன. பன்மையில்தான் சொல்கிறேன். 'பிரிஸ்' என்ற சோப்புக்கு ஒன்பது விளம்பரப் படங்கள் எடுத்துக் கொடுத்தார். அதில் ஒன்றில் பன்றி மேய்ப்பவனிடம் சோப்பு வாங்குவதற்காக முத்தத்தை விலையாகக் கொடுக்கும் இளவரசியாக வந்தார் பிபி. உலக சினிமாவின் ஒரு பெரிய கூட்டணி இப்படித்தான், வரிச் சண்டையாலும் சோப்பு நுரையாலும், தொடங்கியது.

அப்புறம் 1954 முதல் 1956 வரை ராயல் டிராமாட்டிக் தியேட்டரின் நடிப்புப் பள்ளி. ஸ்டாக்ஹோமில் அந்த நாடக அரங்கை டிராமாட்டன் என்று செல்லமாகச் சொல்வார்கள். கிரேட்டா கார்போ, இங்ரிட் பெர்க்மன் இருவரும் படித்த அதே பள்ளி. இந்த அரங்கை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வருவேன். அதன் பின் இங்மார் பெர்க்மன் நாடகங்கள் போட்டுக்கொண்டிருந்த மால்மோ நகர அரங்குக்குப் போனார். பிபியும் அவரும் சில வருஷம் காதலர்களாகவும் இருந்தார்கள்.

1957இல் மட்டும் பெர்க்மனோடு இரண்டு படங்கள். 'தி செவன்த் சீல்' என்றால் கடற்கரையில் மரணத்தோடு வீரன் சதுரங்கம் ஆடுவதைத்தான் எல்லோரும் சொல்வார்கள். எனக்குப் பிடித்தது வேறு. பிளேக் நோய் ஊரையே தின்றுகொண்டிருக்கிறது. நாடோடிக் கூத்தாடியின் மனைவி மியா, அதுதான் பிபி, புல்தரையில் உட்கார்ந்து அந்த வீரனுக்குக் காட்டு ஸ்ட்ராபெரி பழங்களும் ஒரு கிண்ணம் பாலும் கொடுக்கிறாள். பால் கிண்ணத்தை வீரன் இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு, இந்த மாலை நேரத்தை மறக்க மாட்டேன் என்கிறான். மரணம் பற்றி இவ்வளவு பேசுகிற படத்தில் உயிரோடு இருப்பது எதற்காக என்று கேட்டால், அந்தக் கிண்ணத்தையும் பிபியின் சிரிப்பையும்தான் பதிலாகக் காட்ட முடியும். இன்னொன்று 'வைல்ட் ஸ்ட்ராபெரீஸ்'. அதில் அவருக்கு இரட்டை வேடம். கதைநாயகனான கிழவரின் பழைய காதலி சாரா, லிஃப்ட் கேட்டுக் காரில் ஏறும் இன்றைய சாரா. கிழவராக நடித்த விக்டர் ஷோஸ்ட்ரோமுக்கு அப்போது 78 வயசை நெருங்கிக்கொண்டிருந்தது. சாயங்காலம் ஐந்தேகாலுக்கு வீடு போய் விஸ்கி குடிக்க வேண்டும் என்பது அவர் போட்ட நிபந்தனை. நியாயமான மனிதர்.

அடுத்த வருஷமே கான் திரைவிழாவில் விருது. 'பிரிங்க் ஆஃப் லைஃப்' என்ற பிரசவ வார்டு படத்துக்காகச் சிறந்த நடிகை விருதை நான்கு பேருக்குப் பகிர்ந்து கொடுத்தார்கள். அதில் பிபியும் ஒருவர். 22 வயசு. 1963இல் பெர்லினில் இன்னொரு விருது, வில்கோட் ஷோமன் இயக்கிய படத்துக்கு.

ஆனால் இந்த வெற்றியே ஒரு கூண்டாகிவிட்டது. வெளுத்த முடி, வெயில் மாதிரிச் சிரிப்பு, கள்ளமில்லாத பெண் என்ற வேடமே திரும்பத் திரும்ப வந்தது. என்னைத் 'தொழில்முறை அப்பாவி' என்றே சொல்வார்கள் என்று பிற்பாடு அவரே சொல்லிச் சிரித்திருக்கிறார். நம் பக்கத்திலும் இது தெரிந்த கதைதானே. ஒருமுறை தங்கையாக நடித்துவிட்டால் பத்து வருஷம் தங்கைதான்.

அந்தக் கூண்டை உடைத்தது 'பெர்சோனா'. பெர்க்மன் நிமோனியாவோடு ஆஸ்பத்திரியில் கிடந்த காலம். லிவ் உல்மனும் பிபியும் அதற்கு முன்பே ஒரு படப்பிடிப்பில் நெருங்கிய தோழிகள் ஆகியிருந்தார்கள். இருவரின் முகச் சாயலும் ஒன்றுபோல இருப்பதைப் பார்த்துத்தான் பெர்க்மனுக்குப் பொறி தட்டியது. ஆனால் திரைக்கதையைப் படித்ததும் பிபி துள்ளிக் குதிக்கவில்லை. தன்னம்பிக்கை இல்லாத, தடுமாறுகிற பெண்ணாக என்னை ஏன் எழுதியிருக்கிறார், நான் இவ்வளவு கஷ்டப்பட்டு மறைத்து வைத்திருப்பது இதைத்தானே என்றுதான் அவருக்குத் தோன்றியது. அப்புறம்தான் புரிந்தது, இந்த மனிதர் நம்மை முழுசாகப் படித்து வைத்திருக்கிறார் என்று.

இப்போது படத்தின் அந்தக் கடிதத்தை யோசியுங்கள். எலிசபெத் டாக்டருக்கு எழுதிய கடிதம் உறையை ஒட்டாமல் ஆல்மா கைக்கு வருகிறது. வழியில் பிரித்துப் படிக்கிறாள். தான் நம்பிச் சொன்ன இரகசியம் எல்லாம் அதில் இருக்கிறது. இவளைக் கவனித்துப் பார்ப்பது சுவாரசியமாக இருக்கிறது என்கிற தொனியில்! நடிகைக்கும் இயக்குநருக்கும் நடந்ததே கதைக்குள்ளும் நடக்கிறது.

1965 கோடையில், கோட்லண்ட் தீவுக்கு வடக்கே உள்ள ஃபோரோ என்ற சின்னத் தீவில் பெரும்பகுதியை எடுத்தார்கள். ஒளிப்பதிவு ஸ்வென் நிக்விஸ்ட். கடிதத்துக்குப் பிறகு வரும் காட்சியைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன். வெயில். வீட்டு வாசல். ஆல்மா கையிலிருந்து ஒரு கண்ணாடி டம்ளர் விழுந்து உடைகிறது. துண்டுகளைப் பெருக்கி எடுக்கிறாள். ஒரு சில்லு மட்டும் கிடக்கிறது. பார்க்கிறாள். எடுக்காமல் உட்கார்ந்துகொள்கிறாள். எலிசபெத் வெறுங்காலோடு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் நடக்கிறாள். ஒவ்வொரு தடவையும் நம் வயிறு கலங்குகிறது. கடைசியில் மிதித்துவிடுகிறாள். வசனமே இல்லை. அவ்வளவு நேரம் வாய் ஓயாமல் பேசிய பெண் இங்கே பேசாமல் பார்க்கிறாள். அந்த ஒரு பார்வையில் 'அப்பாவி' செத்துப்போகிறாள். உடனே திரையில் ஃபிலிமே கிழிந்து எரிகிற மாதிரிக் காட்டுகிறார் பெர்க்மன்.

அந்த ஒட்டிய முகத்தைப் பற்றியும் ஒரு வேடிக்கை. எடிட்டிங் மேசையில் முதல்முறை பார்த்தபோது, 'லிவ், நீ விநோதமாகத் தெரிகிறாயே' என்றாராம் பிபி. 'அது நீதானே' என்றாராம் லிவ்.

இந்தப் படத்துக்கு ஸ்வீடனின் குல்ட்பாகே விருதும் அமெரிக்க விமர்சகர் சங்கத்தின் விருதும் கிடைத்தன. ஹாலிவுட்டும் போனார். சிட்னி பாய்ட்டியரோடு ஒரு கௌபாய் படம், ஸ்டீவ் மெக்வீனோடு நார்வே நாடக ஆசிரியர் இப்சனின் நாடகம் ஒன்றின் படவடிவம், ஒரு கான்கார்ட் விமானப் படம். அந்தக் கடைசியைப் பற்றிப் பேசாமல் இருப்பதுதான் மரியாதை.

அவருடைய உண்மையான வீடு மேடைதான். டிராமாட்டனுக்குத் திரும்புகிறேன் என்று சொன்னேன் இல்லையா. யூஜின் ஓ'நீல் எழுதிய 'லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்' நாடகம் உலகத்திலேயே முதன்முதலாக மேடையேறியது அமெரிக்காவில் இல்லை, டிராமாட்டனில்தான், 1956 பிப்ரவரியில். பிபி அப்போது அங்கே நடிப்புப் பள்ளி மாணவி. முப்பத்திரண்டு வருஷம் கழித்து, 1988இல், அதே அரங்கில் பெர்க்மன் அந்த நாடகத்தை எடுத்தபோது தாய் மேரி டைரோனாக நின்றவர் பிபி. மார்ஃபின் பழக்கத்தில் கரைந்துபோகும் தாய். நாடகத்தின் முடிவில் மேரி தன் கல்யாண உடையோடு வந்து இளமைக் கதையைச் சொல்லிக்கொண்டே போகிறாள், கணவனும் மகன்களும் பேச்சற்று உட்கார்ந்திருக்கிறார்கள். மறுபடியும் பேசுகிற ஒரு பெண், எதிரே மௌனம்.

1991இல் பெர்க்மன் மேடையேற்றிய இப்சனின் 'பேர் கிந்த்' நாடகத்தில் தாய் ஓசே வேடம். அங்கே மட்டும் நிலைமை மாறுகிறது. சாகக் கிடக்கும் தாயைக் கட்டிலோடு பனிச்சறுக்கு வண்டியில் சொர்க்கத்துக்கு அழைத்துப்போவதாக மகன் கதை சொல்கிறான். இந்தத் தடவை கேட்பது பிபியின் பங்கு.

இதற்கு நடுவில் நாடகங்கள் இயக்கினார், போரில் சிதைந்த சரயேவோவுக்கான கலைப் பணிகளில் ஈடுபட்டார், 1996இல் தன் வாழ்க்கையை எழுதினார். மூன்று திருமணங்கள், ஒரு மகள். அந்தப் பக்கம் நான் போகவில்லை.

2009இல் அவருக்குப் பக்கவாதம் வந்தது. அடுத்த வருஷம் வந்த செய்தியில், அவர் இன்னும் மருத்துவமனையில்தான் இருக்கிறார், அவரால் பேச முடியவில்லை என்று இருந்தது. அதைப் படித்த அன்றைக்கு நான் 'பெர்சோனா'வைப் போடவில்லை, போட மனசு வரவில்லை. 2019 ஏப்ரல் 14, ஸ்டாக்ஹோமில் காலமானார். 83 வயசு.

படம் பார்க்காதவர்கள் பாருங்கள். பெரிய டிவி எல்லாம் வேண்டாம், போனிலேயேகூடப் பார்க்கலாம், ஆனால் அந்த இரவுக் காட்சி வரும்போது ஹெட்போன் மாட்டிக்கொள்ளுங்கள். ஸ்வீடிஷ் புரியாது, சப்டைட்டில் கீழே ஓடும். ஒருமுறை படித்துவிட்டு, இரண்டாம் தடவை கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். எங்கே மூச்சு இழுக்கிறார், எங்கே பாதியில் சிரித்துவிட்டு அதை விழுங்குகிறார் என்பது கேட்கும்.

சரி, சட்டை நனைந்துவிட்டது. மின்விசிறியைப் போடுகிறேன்.