சுமை தூக்கும் ஸ்குவாட்ரன்கள்

பெரியோர்களுக்கும் மாணவ மாணவிகளுக்கும் வணக்கம்.

சூலூர் விமானப்படைத் தளத்தை ஒட்டிய சாலையில் நீங்கள் எல்லோரும் போயிருப்பீர்கள். தேஜஸ் போர் விமானம் கிளம்பும் சத்தம் கேட்டால் போதும், பஸ்ஸில் தூங்குகிறவர்கள்கூட ஜன்னல் பக்கம் எட்டிப் பார்ப்பார்கள். பைக்கில் போகிற பையன்கள் ஓரமாக நிறுத்திவிட்டு அண்ணாந்து நிற்பார்கள். நல்ல விஷயம்தான். ஆனால் அதே ஓடுபாதையிலிருந்து இன்னொரு விமானமும் கிளம்புகிறது. சாம்பல் நிறம், தடித்த உடம்பு, இரண்டு பெரிய காற்றாடிகள். ஏ.என்.-32 என்ற சரக்கு விமானம். அதை யாரும் நின்று பார்ப்பதில்லை. இந்தப் பக்கமே வளர்ந்த நானும் சின்ன வயதில் பார்த்ததில்லை. இன்று அந்த விமானத்தைப் பற்றியும், அந்த மாதிரி விமானங்களை ஓட்டுகிற ஸ்குவாட்ரன்கள் என்ற விமானப்படைப் பிரிவுகளைப் பற்றியும்தான் பேச வந்திருக்கிறேன்.

அடுத்த முறை அது தலைக்கு மேலே போனால் ஒன்றைக் கவனியுங்கள். காற்றாடி விமானங்கள் பலவற்றில் இன்ஜின் இறக்கையோடு ஒட்டியோ அதற்குச் சற்றுக் கீழேயோ இருக்கும். இதில் இறக்கைக்கு மேலே தூக்கி வைத்திருப்பார்கள். பார்க்க விசித்திரமாக இருக்கும். காரணம் இருக்கிறது. சோவியத் நாட்டில் ஏ.என்.-26 என்று ஒரு விமானம் இருந்தது. வெயில் கொளுத்துகிற இடத்திலும் உயரமான மலையிலும் அதன் சக்தி போதவில்லை. அதனால் அதைவிடப் பெரிய இன்ஜினைப் பூட்டினார்கள். பெரிய இன்ஜினுக்குப் பெரிய காற்றாடி வேண்டும். கீழே வைத்தால் அது தரையிலும் உடம்பிலும் இடிக்கும். ஆகவே மேலே ஏற்றினார்கள். வெயிலும் மலையும் சேர்ந்த ஒரு நாட்டுக்கு, அதாவது நமக்கு, அந்த விமானம் பொருந்திப்போனது. 1984 முதல் இந்திய விமானப்படை நூறுக்கும் மேற்பட்ட ஏ.என்.-32 விமானங்களை வாங்கியது.

சரி, மலையில் அப்படி என்ன சிரமம்? லடாக்கில் தௌலத் பேக் ஓல்டி என்று ஓர் இறங்குதளம் இருக்கிறது. உயரம் 16,614 அடி. அந்த உயரத்தில் காற்றின் அடர்த்தி கடல் மட்டத்தில் இருப்பதில் சுமார் ஐந்தில் மூன்று பங்குதான். மனிதனுக்கு மூச்சு வாங்குகிற மாதிரியே இன்ஜினுக்கும் வாங்கும். இறக்கையைத் தாங்கிப் பிடிக்கவும் காற்று போதாது. அதே எடையைத் தூக்கக் கால் பங்குக்கும் மேல் கூடுதல் வேகம் வேண்டும். கூடுதல் வேகத்துக்கு நீண்ட ஓடுபாதை வேண்டும். அங்கே இருப்பதோ தார் போடாத மண் தரை. அப்புறம் லடாக்கின் லே நகரம். அது பத்தாயிரம் அடிக்கு மேலே, சுற்றிலும் மலை சூழ்ந்த பள்ளத்தாக்கு. மதியத்துக்கு மேல் காற்று சுழன்றடிக்கும். அதனால்தான் அந்தப் பக்கம் போகிற விமானங்கள் சண்டிகரிலிருந்து விடியற்காலையிலேயே கிளம்புகின்றன. பொழுது ஏறுவதற்குள் போய், இறக்கி, திரும்பிவிட வேண்டும்.

இந்த வித்தையை எந்தத் தொழிற்சாலையும் விமானத்தோடு சேர்த்து விற்பதில்லை. நான் இன்று சொல்ல வந்தது இதைத்தான். ஸ்குவாட்ரன் என்றால் பத்துப் பதினைந்து விமானங்களின் கூட்டம் என்று நினைக்கிறோம். என் பார்வையில் அது கைமாறி வருகிற ஒரு பழக்கம். எந்தப் பள்ளத்தாக்கில் எந்த மாதத்தில் மேகம் அடையும், எந்த வளைவில் திரும்பத் தவறினால் அப்புறம் திரும்பவே இடம் இருக்காது என்பதெல்லாம் மூத்த விமானி பக்கத்து இருக்கையில் உட்கார்ந்திருக்கிற இளைய விமானிக்குச் சொல்லிக்கொடுத்து வருவது. விவசாயத்தில் தண்ணீர் பாய்ச்சத் தெரிந்தவரிடம் நிற்பது மாதிரி, கூட நின்றுதான் கற்றுக்கொள்ள முடியும்.

இந்தப் பழக்கம் எங்கே தொடங்கியது? 1947 அக்டோபர் 27 என்று சொல்லலாம். சுதந்திரம் வந்து மூன்று மாதம்கூட ஆகவில்லை. பழங்குடிப் படைகள் ஸ்ரீநகரை நெருங்கிவிட்டன. டெல்லியிலிருந்து டகோட்டா என்ற சரக்கு விமானங்களில் முதலாம் சீக்கியப் படையணியின் வீரர்களை ஏற்றிக்கொண்டு போனார்கள். 12-வது ஸ்குவாட்ரனின் டகோட்டாக்கள் போதவில்லை. பயணிகளை ஏற்றிக்கொண்டிருந்த தனியார் டகோட்டாக்களையும் இதற்காகத் திருப்பிவிட்டார்கள். ஸ்ரீநகர் ஓடுபாதை யார் கையில் இருக்கிறது என்று கிளம்பும்போது உறுதியாகத் தெரியாது. போய் இறங்கித்தான் தெரிந்துகொள்ள வேண்டும். அன்று இறங்கிய படைக்குத் தலைமை தாங்கிய லெப்டினன்ட் கர்னல் ரஞ்சித் ராய் அந்தப் போரிலேயே உயிரிழந்தார்.

அடுத்த ஆண்டு லே ஆபத்தில் இருந்தது. சாலை வழியாகப் படை போய்ச் சேர முடியாத நிலை. லடாக்கைச் சேர்ந்த பொறியாளர் சோனம் நோர்பு உள்ளூர் மக்களை வைத்து சிந்து நதிக்கரையில் ஓர் ஓடுபாதையை உண்டாக்கினார். 1948 மே 24 அன்று ஏர் கமோடர் மெஹர் சிங், ஜெனரல் திம்மய்யாவைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு, ஒரு டகோட்டாவில் அங்கே போய் இறங்கினார். அந்த டகோட்டாவின் உள்ளே காற்றழுத்தத்தைப் பராமரிக்கிற வசதி கிடையாது. இருபதாயிரம் அடிக்கு மேலே ஏறி மலைகளைத் தாண்ட வேண்டும். வழிகாட்ட நம்பகமான வரைபடம் கிடையாது. அவர் பின்னால் மற்ற டகோட்டாக்கள் வரிசையாகப் போயின. லே தப்பித்தது. மெஹர் சிங்கை அவரோடு இருந்தவர்கள் ‘பாபா’ என்று அழைத்தார்கள். மகாவீர் சக்ரா என்ற வீர விருது பெற்ற அவரைப் பற்றி நம் பள்ளிப் பாடத்தில் ஒரு வரியாவது வர வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

1962-இல் தௌலத் பேக் ஓல்டியில் முதன்முதலாக இறங்கியது பாக்கெட் என்ற விமானம். இரட்டை வால் இருக்கும். அந்த உயரத்துக்கு அதன் இரண்டு இன்ஜின்களும் போதாது என்பதால் முதுகில் கூடுதலாக ஒரு ஜெட் இன்ஜினைப் பொருத்தியிருந்தார்கள். ஜூலை மாதம் ஸ்குவாட்ரன் லீடர் ராஜே அதைக் கொண்டுபோய் இறக்கினார். அதே ஆண்டு அக்டோபரில் 44-வது ஸ்குவாட்ரன் ஏ.என்.-12 விமானங்களில் ஏ.எம்.எக்ஸ்.-13 டாங்கிகளை ஏற்றி, 14,000 அடிக்கு மேலே இருக்கிற சுஷூலில் கொண்டுபோய் இறக்கியது. மொத்தம் ஆறு டாங்கிகள். டாங்கியை விமானத்தில் ஏற்றி அந்த உயரத்தில் இறக்குவதைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள்!

அப்புறம் என்ன நடந்தது தெரியுமா? 1960-களின் நடுவில் தௌலத் பேக் ஓல்டிக்கு விமானம் போவது நின்றுபோனது. ஒரு தலைமுறை விமானிகள் ஓய்வு பெற்றுப் போனார்கள். 43 ஆண்டுகள் கழித்து, 2008 மே 31 அன்று, ஓர் ஏ.என்.-32 மறுபடி அங்கே இறங்கியது. அப்போது மேற்குப் பிராந்திய வான் கட்டளையின் தலைவராக இருந்த ஏர் மார்ஷல் பார்போரா அந்த விமானத்திலேயே போனார். ஆபத்தான ஒரு வேலையைச் செய்யச் சொல்கிற பெரிய அதிகாரி, தானும் அதே விமானத்தில் ஏறி உட்கார்ந்துகொள்வதை நான் மிகவும் மதிக்கிறேன். 2013 ஆகஸ்டில் அதைப்போல இரண்டு மடங்குக்கும் மேல் எடையுள்ள சி-130ஜே என்ற சரக்கு விமானம் அங்கே இறங்கியது.

அந்த சி-130ஜே 77-வது ஸ்குவாட்ரனைச் சேர்ந்தது. இது சிறப்பு வேலைகளுக்கென்றே உருவாக்கிய ஸ்குவாட்ரன். இரவில், விளக்கில்லாமல், தாழப் பறந்து, முன்பின் தெரியாத தரையில் இறங்குவது அவர்களுடைய பயிற்சி. 2023 ஏப்ரலில் சூடானில் சண்டை மூண்டபோது அது நமக்குப் புரிந்தது. நம் மக்கள் பலர் துறைமுகம் வரை வந்து சேர முடியாமல் உள்நாட்டில் சிக்கியிருந்தார்கள். கார்ட்டூமுக்கு வடக்கே வாடி சயீத்னா என்ற இடத்தில் ஒரு பழுதான சிறிய ஓடுபாதை. இறங்க வழிகாட்டும் கருவி இல்லை, விளக்கு இல்லை, எரிபொருள் இல்லை. ஏப்ரல் 27-க்கும் 28-க்கும் இடைப்பட்ட இரவில் ஒரு சி-130ஜே அங்கே போனது. ஓடுபாதையில் ஏதாவது கிடக்கிறதா என்பதை விமானத்தின் அகச்சிவப்புக் கேமராவால் பார்த்துக்கொண்டு, இரவில் பார்க்கும் கண்ணாடியை மாட்டிக்கொண்டு இறங்கினார்கள். இன்ஜினை நிறுத்தவே இல்லை. 121 பேரை ஏற்றிக்கொண்டு ஜெட்டாவுக்குப் பறந்தார்கள். ஏறியவர்களில் ஒரு கர்ப்பிணியும் இருந்தார்.

சண்டை விமானம் செய்கிற வேலையைக்கூடச் சுமை தூக்கும் ஸ்குவாட்ரன்கள் செய்திருக்கின்றன. 1971 போரில் 44-வது ஸ்குவாட்ரன், சரக்கு ஏற்றுகிற ஏ.என்.-12 விமானங்களில் குண்டுகளை நிரப்பிப் போய், பாகிஸ்தானின் சங்கா மங்கா காட்டில் இருந்த ஆயுதக் கிடங்கின் மேல் பின்பக்கக் கதவு வழியே உருட்டிவிட்டது. விங் கமாண்டர் வசிஷ்ட்டுக்கு அதற்காக மகாவீர் சக்ரா கிடைத்தது. 1988 நவம்பரில் மாலத்தீவில் ஆட்சியைப் பிடிக்க ஆயுதக் குழு ஒன்று புகுந்தபோது, ஆக்ராவிலிருந்து இரவோடு இரவாகப் பாராசூட் வீரர்களைக் கொண்டுபோய் இறக்கியதும் இதே ஸ்குவாட்ரன்தான். அப்போது அவர்களிடம் ஐ.எல்.-76 என்ற பெரிய சரக்கு விமானம் இருந்தது.

இங்கே வருவதற்கு முன்னால் ஒரு தம்பி கேட்டார்: “பிரதமர் போகிற விமானத்தை யார் ஓட்டுகிறார்கள்?” நல்ல கேள்வி. டெல்லியின் பாலம் விமானப்படைத் தளத்தில் இருக்கிற விமானப்படைத் தலைமையகத் தகவல் தொடர்பு ஸ்குவாட்ரனைப் பற்றிச் சொல்ல வேண்டும். 1947 நவம்பரில் டகோட்டாக்களோடு தொடங்கியது. குடியரசுத் தலைவர், பிரதமர் போன்றவர்களை ஏற்றிச் செல்வது அவர்கள் பொறுப்பு. ராஜ்தூத், ராஜ்ஹன்ஸ், ராஜ்கமல் என்று மூன்று போயிங் 737 விமானங்கள், எம்பிரேயர் விமானங்கள், ஹெலிகாப்டர்கள் எல்லாம் அவர்களிடம் உண்டு. தூரப் பயணத்துக்கு 2020-இல் போயிங் 777 விமானங்கள் வந்தன. அவற்றையும் விமானப்படை விமானிகளே ஓட்டுகிறார்கள்.

இந்த விமானங்களின் விலையைப் பற்றி நாம் கேள்வி கேட்கலாம். வரி கட்டுகிறவர்கள் கேட்கத்தான் வேண்டும். ஆனால் அதை ஓட்டுகிறவர்களைச் சொகுசு வேலைக்காரர்கள் என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும். 1977 நவம்பர் 4 இரவு, பிரதமர் மொரார்ஜி தேசாய் டி.யு.-124 விமானத்தில் அசாமில் உள்ள ஜோர்ஹாட்டுக்குப் போனார். இறங்க முயன்றபோது இருட்டில் விமானம் ஊருக்கு வெளியே தரையில் மோதியது. முன்பகுதி நொறுங்கியது. விங் கமாண்டர் டிலிமா உட்பட விமானக் குழுவினர் ஐந்து பேர் அங்கேயே இறந்தார்கள். பிரதமர் உயிரோடு வெளியே வந்தார். பக்கத்துக் கிராமத்து மக்கள்தான் முதலில் ஓடிவந்து உதவினார்கள். பிரதமர் பிழைத்த செய்தி நாடெங்கும் போய்ச் சேர்ந்தது. அந்த ஐந்து பேரின் பெயர்கள் அந்த அளவுக்குப் போய்ச் சேரவில்லை.

எனக்குள்ள கவலையையும் சொல்லிவிடுகிறேன். விமானப்படையின் பலம் என்றால் தொலைக்காட்சி விவாதங்களில் ஒரே கணக்குதான்: சண்டை ஸ்குவாட்ரன்கள் 42 இருக்க வேண்டும், எத்தனை இருக்கின்றன? சுமை தூக்குகிறவற்றை யாரும் எண்ணுவதில்லை. ஆவ்ரோ என்ற விமானம் கான்பூரில் செய்யப்பட்டு 1961-இல் முதலில் பறந்தது. அதில் பின்பக்கம் திறக்கிற சாய்தளக் கதவு கிடையாது. அந்தக் குறையோடு அதை அறுபது ஆண்டுகள் வைத்திருந்தோம். 2021-இல்தான் அதற்கு மாற்றாக 56 சி-295 விமானங்களுக்கு ஒப்பந்தம் போட்டோம்; 2023 செப்டம்பரில் முதல் விமானம் படையில் சேர்ந்தது. 56-இல் 40 விமானங்களைக் குஜராத்தின் வடோதராவிலேயே செய்கிறார்கள் என்பது உண்மையிலேயே மகிழ்ச்சி. ஏ.என்.-32-ஐப் புதுப்பிக்கும் வேலையை 2009-இல் உக்ரைனோடு சேர்ந்து தொடங்கினோம். பாதி வழியில் உக்ரைனிலேயே சண்டை வந்து, உதிரி பாகங்கள் கிடைப்பது இழுபறியானது. அந்த விமானத்தில்தான் இன்றும் எல்லைக் கிராமங்களுக்கு அரிசியும் மண்ணெண்ணெயும் போகின்றன. 2019 ஜூன் 3 அன்று ஜோர்ஹாட்டிலிருந்து மெச்சுகாவுக்குப் போன ஓர் ஏ.என்.-32 அருணாசல மலையில் மோதி 13 பேர் இறந்தார்கள். விழுந்த இடத்தைக் கண்டுபிடிக்கவே எட்டு நாள் ஆனது.

கடைசியாக, நம் ஊர் விமானம். 2016 ஜூலை 22, வெள்ளிக்கிழமை. காலை எட்டரை மணிக்குத் தாம்பரத்திலிருந்து ஏ.என்.-32 ஒன்று போர்ட் பிளேருக்குக் கிளம்பியது. எண் கே-2743. நம் சூலூரின் 33-வது ஸ்குவாட்ரனைச் சேர்ந்தது. கூரியர் என்பார்கள்; ஆட்களையும் பொருட்களையும் தீவுக்குக் கொண்டுபோகிற வழக்கமான பயணம். உள்ளே 29 பேர். ஆறு பேர் விமானக் குழு. எட்டுப் பேர் ராணுவத்தில் சேராத சாதாரண ஊழியர்கள். கிளம்பிக் கொஞ்ச நேரத்தில் வங்கக் கடலுக்கு மேலே, 23,000 அடி உயரத்தில் இருந்த விமானம் ரேடாரிலிருந்து மறைந்தது.

கப்பல்கள் தேடின, விமானங்கள் தேடின, நீர்மூழ்கி தேடியது. ஒரு துண்டுகூடக் கிடைக்கவில்லை. செப்டம்பரில் தேடலை நிறுத்தி, 29 பேரும் இறந்ததாகவே கொள்ள வேண்டும் என்று குடும்பங்களுக்குச் சொன்னார்கள். உடலும் இல்லை, ஒரு பொருளும் இல்லை. எதை வைத்து நம்புவது? ஏழரை ஆண்டுகள் அந்த வீடுகள் அப்படியே இருந்தன.

சென்னைப் பள்ளிக்கரணையில் தேசிய கடல் தொழில்நுட்ப நிறுவனம் இருக்கிறது. அவர்கள் ஆள் இல்லாமல் தானே நீந்துகிற ஒரு கலத்தைக் கடலடியில் இறக்கி ஆய்வு செய்தார்கள். சுமார் 3,400 மீட்டர் ஆழத்தில், சோனார் கருவியிலும் கேமராவிலும் ஒரு விமானத்தின் சிதைவுகள் தெரிந்தன. படங்களை ஏ.என்.-32-ஓடு ஒப்பிட்டார்கள், பொருந்தியது. அந்தப் பகுதியில் வேறு எந்த விமானமும் காணாமல் போனதாகப் பதிவு இல்லை. 2024 ஜனவரியில், அது கே-2743 ஆகத்தான் இருக்க வேண்டும் என்று பாதுகாப்பு அமைச்சகம் அறிவித்தது. அந்த ஏழரை ஆண்டுகளும் சூலூரிலிருந்து ஏ.என்.-32 விமானங்கள் பறந்துகொண்டுதான் இருந்தன.