ஒரு வார்த்தை புரியாது, ஆனா கால் நிக்காது! 'ஜிங்காட்' இன்னும் ஏன் ஓடுது?

வணக்கம் மக்களே! 'ஜிங்காட்' பாட்டு ஓடும்போது சும்மா உக்கார்ந்திருக்க முடியும்னு சொல்றவங்க இப்பவே வீடியோவை மூடிடுங்க. உங்களுக்கும் எனக்கும் ஒத்து வராது.

பின்னணியை வேகமா முடிச்சிடறேன். 2016, மராத்திப் படம் 'சைராட்'. இயக்கம் நாகராஜ் மஞ்சுளே, இசை அஜய்-அதுல். அண்ணன் தம்பி. பாடினதும் அவங்களேதான். போதும்.

இப்ப அந்த வார்த்தைக்கு வாங்க. மராத்தில 'ஜிங்'னா போதை. 'ஜிங்காட்'னா போதை உச்சந்தலைக்கு ஏறிக் கிறுகிறுத்துப் போறது. காதல் போதைங்க, உடனே பாட்டிலைத் தேடாதீங்க! 2018-ல 'தடக்'னு இந்தியில எடுத்தப்போ வரிகளை மாத்தினாங்க, இந்த ஒரு வார்த்தையை மட்டும் தொடல. எதைப் போட்டு மாத்துறது? நம்ம 'டண்டணக்கா'வை வேற மொழியில சொல்லிப் பாருங்க, தெரியும். ஆனா இந்தி ஆட்டம் எனக்குப் பிடிக்கல. எல்லாரும் ரிகர்சல் பாத்துட்டு வந்த மாதிரி ஆடறாங்க. மராத்தில ஆடறது நம்ம பக்கத்து வீட்டுப் பசங்க மாதிரியே இருக்கும்.

புனே பக்கம் ஒரு கல்யாண ஊர்வலத்துல மாட்டினேன். அங்க அதை 'வராத்'ம்பாங்க. டெம்போ நிறைய ஸ்பீக்கர். இந்தப் பாட்டு ஆரம்பிச்சதும் ஒரு ஆஜி, அதாவது பாட்டி, செருப்பைக் கழட்டிப் பேத்தி கையில குடுத்தாங்க. சேலையை இழுத்துச் சொருகினாங்க. இறங்கிட்டாங்க! எனக்கு மூச்சு வாங்குது, அவங்களுக்கு வேர்க்கவே இல்ல.

இத்தனைக்கும் இந்தப் பட இசைக்காக லாஸ் ஏஞ்சல்ஸ் போய் சிம்ஃபனியெல்லாம் பதிவு பண்ணினாங்க. டிஜே கிட்ட ஜனங்க கேக்கறது ஜிங்காட்தான்.

ஆனா என்னை உறுத்துற விஷயம் வேற. படம் பாக்காதவங்க அரை நிமிஷம் காதைப் பொத்திக்கோங்க. சாதி மாறிக் கல்யாணம் பண்ணின ஜோடியை, பொண்ணோட வீட்டாளுங்களே வந்து வெட்டிக் கொல்றதோட படம் முடியுது. அந்தக் கடைசிக் காட்சியில சத்தமே கிடையாது. அந்த ஜோடியோட குழந்தை அழறது கூடக் கேக்காது. இவ்வளவு கூத்தடிக்கிற பாட்டும் அந்த நிசப்தமும் ஒரே படத்துல. அந்தப் படத்துப் பாட்டுக்குத்தான் கல்யாணம் கல்யாணமா ஆடறோம்.

அந்த ஆஜி படம் பாத்திருப்பாங்களான்னு கேக்கலாம்னு நினைச்சேன். திரும்பறதுக்குள்ள டிஜே கிட்டப் போய், இன்னொரு தடவை போடுன்னு சண்டை போட்டுட்டு இருந்தாங்க.