உலகமே பார்த்துக்கொண்டிருக்கும்போது தன் நாட்டுச் சிலையை உடைத்த கலைஞர்!

உலகமே உங்கள் நாட்டைப் பார்க்கப் போகிற ஓர் இரவு. ஒரு பெரிய விளையாட்டரங்கத்தையே உங்கள் கையில் கொடுத்து, நம் பாரம்பரியத்தைக் காட்டுங்கள் என்கிறார்கள். நீங்கள் என்ன காட்டுவீர்கள்? இந்தக் கலைஞர், தன் மண்ணின் மிகப் பழைய முகம் ஒன்றைத் தண்ணீருக்குள்ளிருந்து எழுப்பி, எல்லோர் கண்ணெதிரிலும் துண்டு துண்டாக உடைத்தார்.

வணக்கம் நண்பர்களே! அந்த இரவு 2004 ஆகஸ்ட் 13, ஏதென்ஸ் ஒலிம்பிக் தொடக்க விழா. உடைத்தவர் திமித்ரிஸ் பாபயோவானு.

ஆளைப் பற்றி வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 1964இல் ஏதென்ஸில் பிறந்தார். ஓவியர் யானிஸ் த்சரூகிஸிடம் பயின்று, நுண்கலைப் பள்ளியில் படித்து, காமிக்ஸ் வரைந்து, 1986இல் எடஃபோஸ் என்ற நடனக் குழுவைத் தொடங்கினார். ஓவியரா, நடன அமைப்பாளரா, இயக்குநரா என்று கேட்டால் மூன்றும்தான். சரி, அரங்கத்துக்குப் போவோம்.

[திரையில்: நீர் நிரம்பிய அரங்கம்]

ஓட்டப்பந்தயம் நடக்க வேண்டிய தரையில் கிரேக்கத்தை ஒட்டிய ஏஜியன் கடல் போல ஒரு குளம். 20 லட்சம் லிட்டருக்கும் மேல் தண்ணீர். காகிதக் கப்பல் மாதிரி ஒரு படகில் ஒரு சிறுவன் கொடியை அசைத்தபடி வந்து போகிறான். அப்புறம் பாதி மனிதன், பாதி குதிரையான ஒரு சென்டார் ஒளியால் ஆன ஈட்டியை எறிய, தண்ணீரிலிருந்து பிரம்மாண்டமான ஒரு தலை எழும்புகிறது. கண் கிடையாது, வாய் கிடையாது, மூக்கு மட்டும்தான்.

இங்கே கொஞ்சம் நிற்போம், எனக்கு மிகவும் பிடித்த இடம் இது. இந்தத் தலை சிக்ளாடிக் சிலைகளின் பெரிய உருவம். ஏஜியன் கடலின் சிக்ளாடீஸ் தீவுகளில், ஏறத்தாழ 4,500 ஆண்டுகளுக்கு முன் பளிங்கில் செதுக்கியவை. பெரும்பாலானவை கையில் அடங்கும் அளவுதான். பிகாசோ, மோதில்யானி போன்ற நவீன ஓவியர்களைக் கவர்ந்த முகங்கள். இன்று அருங்காட்சியகத்தில் போய்ப் பார்த்தால் வெள்ளை வெளேரென்று இருக்கும். ஆனால் அவை வெள்ளையாகவே செய்யப்பட்டவை அல்ல! கண், தலைமுடி, நகை எல்லாம் வண்ணத்தில் தீட்டியிருந்தார்கள். சில சிலைகளில் அந்த நிறத்தின் தடம் இன்னும் இருக்கிறது. நவீனம் என்று நாம் கொண்டாடும் அந்த வெறுமை, நிறம் உதிர்ந்த பிறகு மிஞ்சியது.

இன்னொரு வேதனையான விஷயம். 20ஆம் நூற்றாண்டில் இவற்றுக்குச் சந்தையில் விலை ஏறியதும், தீவுகளின் கல்லறைகளைத் திருடர்கள் தோண்டித் தள்ளினார்கள். எந்தக் கல்லறையில், யார் பக்கத்தில், எதற்காக வைத்தார்கள் என்ற தகவல் பல சிலைகளுக்கு நிரந்தரமாகப் போய்விட்டது. பொருள் இருக்கிறது, அதன் கதை போய்விட்டது. எனக்கு இது கொலைக்குச் சமமாகப் படுகிறது.

இப்போது பாபயோவானு அந்தத் தலையை என்ன செய்தார் என்று பாருங்கள். முதலில் அதன் மேல் லேசர் ஒளியில் வடிவியல் கோடுகள் ஓடுகின்றன. பிறகு தலை பிளக்கிறது. வெங்காயம் உரிப்பது போல, உள்ளே இன்னொரு சிலை: ஆரம்பகால கிரேக்கத்தின் கூரோஸ், விறைப்பாக நிற்கும் இளைஞனின் உடல். அதுவும் பிளக்க, உள்ளே செவ்வியல் காலச் சிலை, தசையும் வளைவுமாக. அதுவும் உடைகிறது. ஆயிரக்கணக்கான ஆண்டுகளின் சிற்பக்கலை, சில நிமிடங்களில்! கடைசியில் உயிருள்ள ஒரு மனிதன், அந்தரத்தில் சுழலும் வெள்ளைக் கனசதுரத்தின் மேல் விழாமல் நடக்கப் பார்க்கிறான். உடைந்த துண்டுகள் தண்ணீரில் இறங்கித் தீவுகளாகின்றன.

அந்தச் சிலையை முழுசாக நிறுத்தி, பட்டாசு வெடித்து, கைதட்டு வாங்கியிருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனால் கிரேக்கர்களுக்கு அவர்களின் பழமை கையில் கிடைத்ததே துண்டுகளாகத்தான். அதை ஒட்டிப் பூசி மறைக்காமல் காட்டினாரே, அதற்காகத்தான் இவரை எனக்கு இவ்வளவு பிடிக்கும்.

விழாவில் கிளெப்சித்ரா என்றொரு ஊர்வலமும் உண்டு: பழங்கால கிரீட் தீவின் பாம்பேந்திய மினோவன் தெய்வம், இடைக்காலப் பைசாந்தியப் பேரரசு என வரலாறு முழுவதும் உயிருள்ள சிலைகளாக நகர்ந்து போகும். அதையும் தவறவிடாதீர்கள்.

[திரையில்: சாய்வான கறுப்பு மேடை]

2017இல் இவர் உருவாக்கிய 'தி கிரேட் டேமர்' மேடைப் படைப்பில் விளையாட்டரங்கமும் இல்லை, கடலும் இல்லை. சாய்வாக அடுக்கிய பலகைகள் மட்டும். ஒருவர் ஆடை களைந்து படுக்கிறார். இன்னொருவர் வந்து அவரை வெள்ளைத் துணியால் மூடிவிட்டுப் போகிறார். மூன்றாமவர் ஒரு பலகையைத் தூக்கிக் கீழே போடுகிறார். அந்தக் காற்றில் துணி பறந்துவிடுகிறது. மறுபடி மூடல், மறுபடி பலகை. பின்னணியில் 'புளூ டான்யூப்' இசை இழுத்து இழுத்து ஒலிக்கிறது. முதலில் சிரிப்பு வரும். நாலாவது முறை தொண்டை அடைக்கும். பிறகு அதே பலகைகளுக்கு அடியிலிருந்து கை, கால், உடல் எல்லாம் தோண்டி எடுக்கப்படும். ஒரு காட்சியில் விண்வெளி வீரர் ஒருவர் மண்ணுக்குள்ளிருந்து மனிதனையே வெளியே இழுக்கிறார்!

ஜெர்மனியின் புகழ்பெற்ற நடன அமைப்பாளர் பீனா பௌஷின் மறைவுக்குப் பிறகு அவருடைய வுப்பர்டால் குழுவுக்கு 2018இல் முதல் முழுநீளப் புதுப் படைப்பை அமைத்தவரும் இவர்தான். அதற்குத் தனி வீடியோ போடுகிறேன்.

இவரை முதல்முறை பார்ப்பவர்கள் ஒலிம்பிக் காட்சியிலிருந்து தொடங்குங்கள், பெரிய திரை கிடைத்தால் ரொம்ப நல்லது. பார்த்துவிட்டு கமெண்டில் சொல்லுங்கள்: அந்தத் தலை பிளந்த நொடியில் உங்களுக்குக் கோபம் வந்ததா, சந்தோஷம் வந்ததா?